அம்மா மலைக்குப் போயிருக்கிறாள்

சென்ற வெள்ளிக்கிழமை உங்கள் வீட்டில் பாயசம் வைத்தீர்களா? இறக்குவதற்கு முன் நாலு ஏலக்காயைத் தட்டிப் போட்டிருப்பீர்கள். அடுத்த தடவை தட்டும்போது ஒரு நிமிஷம் அந்தக் காயைக் கையில் வைத்துப் பாருங்கள். அதைச் செடியிலிருந்து பறித்த கை பெரும்பாலும் ஒரு பெண்ணின் கையாகத்தான் இருக்கும். விடியுமுன் எழுந்து, சோற்றைத் தூக்குவாளியில் அடைத்துக்கொண்டு, தூங்குகிற குழந்தையைத் தாண்டி வெளியே போனவள் அவள். அதற்கப்புறம் அந்தக் குழந்தை எழுந்ததே, யார் அதற்கு முகம் கழுவி விட்டார்கள்? யார் சாப்பாடு போட்டார்கள்?

நம் ஆசிரியர் என்னைத் தேனிக்கு அனுப்பியபோது அவர் மனத்தில் இருந்தது சுருளி அருவியும் கம்பத்துத் திராட்சைப் பந்தலும்தான். "நல்ல படங்களாகப் பார்த்து எடுத்துக்கொண்டு வா" என்றார். அருவியைப் பார்த்தேன், பந்தலையும் பார்த்தேன். பன்னீர் திராட்சைக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது என்பதையும் தெரிந்துகொண்டேன். ஆனால் எழுத உட்கார்ந்தால் பேனா வேறு பக்கம் போகிறது. ஆசிரியர் மன்னிக்கவேண்டும்.

மதுரையில் போடி ரயிலில் ஏறினேன். பழைய மீட்டர் கேஜ் வண்டியை 2010 கடைசியில் நிறுத்தினார்கள். அகலப் பாதை தேனிக்கு 2022-லும் போடிக்கு 2023-லும்தான் வந்து சேர்ந்தது. பன்னிரண்டு வருஷம் ரயிலைக் காணாமல் இருந்த ஜனங்கள் ஆகையால், இன்னமும் வண்டி கடக்கும்போது வயலில் நிற்பவர்கள் நிமிர்ந்து பார்க்கிறார்கள். குழந்தைகள் கை காட்டுகிறார்கள். நானும் வெட்கப்படாமல் பதிலுக்குக் கை காட்டிக்கொண்டே போனேன்.

உசிலம்பட்டியில் எதிர்ப் பெஞ்சில் ஒரு பெரியவர் வந்து உட்கார்ந்தார். வெள்ளை மீசை, தோளில் துண்டு, கையில் வறுத்த வேர்க்கடலைப் பொட்டலம். எனக்கும் ஒரு பிடி கொடுத்துவிட்டு, "எங்கிட்டுப் போறீக தாயி?" என்று கேட்டார். பள்ளிக்கூடங்களைப் பார்க்கப் போகிறேன் என்றேன். "பள்ளிக்கூடமா? அப்படின்னா முதல்ல பெருங்காமநல்லூரைப் பாத்துட்டு வந்திருக்கணும்" என்றார்.

அவர் சொன்னது சரிதான் என்று பிற்பாடு தெரிந்தது. பெருங்காமநல்லூர் உசிலம்பட்டிப் பக்கத்தில் இருக்கும் கிராமம். 1920 ஏப்ரல் 3-ந் தேதி அங்கே போலீஸார் சுட்டதில் 16 பேர் மாண்டார்கள். அவர்களில் மாயக்காள் என்ற பெண்ணும் ஒருத்தி. அவர்கள் செய்த குற்றம், கைரேகை கொடுக்க மாட்டோம் என்று சொன்னது. குற்றப் பரம்பரைச் சட்டம் என்று ஒன்று வெள்ளைக்காரன் காலத்தில் 1871-ல் வந்தது. 1911-ல் அதைத் திருத்திச் சென்னை ராஜதானிக்கும் கொண்டுவந்தார்கள். பிரமலைக் கள்ளர் சமூகத்தில் பிறந்த ஆண்பிள்ளை ஒவ்வொருவனும், திருடினாலும் திருடாவிட்டாலும், பெயரைப் பதிந்து ரேகை வைக்கவேண்டும். ஜனங்கள் அதற்கு 'ரேகைச் சட்டம்' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். வெளியூர் போவதானால் ராதாரிச் சீட்டு வாங்கவேண்டும். ராத்திரியில் வீட்டில் படுக்கக்கூடாது. காவல் நிலையத்திலோ ஊர்ச் சாவடியிலோ ஆஜர் கொடுத்துவிட்டு அங்கேயே படுக்கவேண்டும்.

"எங்க அய்யா கல்யாணமான புதுசுலயும் சாவடியிலதான் படுத்தாரு" என்றார் பெரியவர். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அவ்வளவு பெரிய அநியாயத்தின் மத்தியில்தான் அந்தப் பக்கத்துப் பள்ளிக்கூடங்கள் முளைத்தன. துப்பாக்கிச் சூட்டுக்குப் பிறகு, அடித்து மட்டும் ஆகாது என்று சர்க்காருக்குத் தோன்றியிருக்கவேண்டும். கள்ளர் சீரமைப்பு என்று ஒரு திட்டம் வந்தது. நிலம் கொடுத்தார்கள், கூட்டுறவுச் சங்கம் வைத்தார்கள், பள்ளிக்கூடம் கட்டினார்கள். ஆரம்பத்தில் எல்லாம் போலீஸ் அதிகாரிகளின் மேற்பார்வையில்! அப்பன் ராத்திரி ஆஜர் கொடுப்பதும் போலீஸிடம். பிள்ளை பகலில் ஆஜர் கொடுக்கும் பள்ளியும் போலீஸின் கண்காணிப்பில். அந்தக் குழந்தைகள் எந்த மனத்தோடு சிலேட்டை எடுத்துக்கொண்டு போயிருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள்.

அதே 1920-ம் வருஷம் சென்னைப் பட்டணத்தில் வேறொரு காரியம் நடந்தது. ஆயிரம் விளக்கில் இருந்த கார்ப்பரேஷன் பள்ளியில் ஏழைக் குழந்தைகள் பசியினால் வராமல் நின்றுவிடுகிறார்கள் என்று கண்டு, தலைக்கு ஓர் அணாவுக்கு மேற்படாமல் மத்தியானம் சிற்றுண்டி கொடுக்கத் தீர்மானம் செய்தார்கள். தியாகராய செட்டியார் நகர மன்றத் தலைவராக இருந்த காலம். நகரத்துச் சந்துகளில் வளர்ந்த குழந்தைகளுக்கென்று ஆரம்பித்தது அது. சில வருஷங்களிலேயே செலவுக்கு அனுமதி கிடைக்காமல் நின்றும் போயிற்று. 1956-ல் காமராஜர் மதிய உணவை மாகாணம் முழுக்கக் கொண்டு போனார், 1982-ல் எம்.ஜி.ஆர். சத்துணவாக விரித்தார். இதெல்லாம் உங்களுக்குத் தெரிந்ததே. ஓர் அணாவில் ஆரம்பித்த அந்தப் பாதை போடி மலையடிவாரத்துக்கு எப்படி வந்து சேர்ந்தது என்பதைத்தான் மறுநாள் பார்த்தேன்.

காலை நாலே முக்கால் மணி. போடியில் நல்ல குளிர். மலைக்காற்று கழுத்தைத் தேடி வந்து கடிக்கிறது. தெருமுனையில் ஜீப்புகள் வரிசையாக நிற்கின்றன. தலையில் துண்டு, அதன்மேல் மழைக்குக் கொங்காணி போடச் சாக்கு, கையில் தூக்குவாளி. இப்படியே கூட்டம் கூட்டமாகப் பெண்கள். ஒரு ஜீப்பில் எத்தனை பேர் ஏறுவது என்று ஒரு கணக்கு இருக்கத்தான் இருக்கிறது. அந்தக் கணக்கு அந்நேரத்தில் யாருக்கும் ஞாபகம் வருவதில்லை. போடி மெட்டுக்கு 17 கொண்டை ஊசி வளைவுகள். அதைத் தாண்டினால் கேரளம். பூப்பாறை, சாந்தன்பாறை என்று ஏலத்தோட்டங்கள். கம்பத்துப் பெண்கள் கம்பம் மெட்டு வழியாகவும், கூடலூர்ப் பெண்கள் குமுளி வழியாகவும் இதே போல் ஏறிப் போகிறார்கள். ஏலக்காய் மாங்காயைப் போல உயரத்தில் காய்ப்பதில்லை. செடியின் அடியில், மண்ணை ஒட்டிச் சரம் சரமாக விடும். நாள் முழுக்கக் குனிந்தபடியே பறிக்கவேண்டும். சாயங்காலம் ஆறு மணிக்கு இறங்கி வருவார்கள். மழை பிடித்துக்கொண்டால் ஏழும் ஆகும்.

முப்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண் ஏறப் போகிற சமயத்தில், "பிள்ளைகளை யாரிடம் விட்டிருக்கிறீர்கள் அம்மா?" என்று கேட்டுவிட்டேன். "பெரியவ பாத்துக்கிருவா" என்றாள். பெரியவளுக்கு என்ன வயது? "ஒம்போது." ஜீப் புறப்பட்டுவிட்டது.

நேயர்களே, அந்த ஒன்பது வயதுப் பெரிய மனுஷியை நான் அன்றைக்கே பார்த்தேன். ஊரை ஒட்டினாற்போல இருக்கும் ஓர் அரசு ஆரம்பப் பள்ளி. "பள்ளியின் பெயரோ என் பெயரோ வேண்டாம், அப்புறம் என்னைக் கொண்டாடுவார்கள், இல்லாவிட்டால் விசாரிப்பார்கள். இரண்டும் தொந்தரவு" என்று தலைமை ஆசிரியை கேட்டுக்கொண்டதால் அந்த மட்டோடு நிறுத்துகிறேன்.

ஏழரை மணிக்கு நான் போனபோது கேட் பூட்டியிருந்தது. வெளியே, சாலை ஓரத்துத் திண்டில் பதினைந்து குழந்தைகள். அவர்களில் அவளும் இருந்தாள். இரட்டைச் சடை, ஒரு சடையில் மட்டும் ரிப்பன். மடியில் மூன்று வயதுத் தம்பி. ஆறு மணியிலிருந்து உட்கார்ந்திருக்கிறார்களாம். "வீட்ல இருந்தா தம்பி அழுவான். இங்க வந்தா லாரி பாப்பான்" என்றாள். லாரி பார்ப்பதற்கு நெடுஞ்சாலையைவிடச் சிறந்த இடம் ஏது!

கேட்டைத் திறந்ததும் புகையும் தாளிப்பு வாசனையும் வந்தன. உள்ளே பின்பக்கமாக வந்து சமையல் ஆரம்பித்துவிட்டது. காலை உணவுத் திட்டத்தை 2022 செப்டம்பர் 15-ந் தேதி மதுரை சிம்மக்கல்லில் ஒரு மாநகராட்சிப் பள்ளியில் முதல்வர் மு.க. ஸ்டாலின் தொடங்கி வைத்தார். மறு வருஷம் ஆகஸ்டில் அது அரசு ஆரம்பப் பள்ளிகள் அனைத்துக்கும் வந்தது. ஒரு நாள் உப்புமா, ஒரு நாள் கிச்சடி, ஒரு நாள் பொங்கல். கூடவே காய்கறி சாம்பார். இதில் எனக்கு மிகவும் பிடித்த விதி ஒன்று இருக்கிறது. சமைக்கிறவர் மகளிர் சுயஉதவிக் குழுவில் இருக்கவேண்டும். அவருடைய குழந்தையும் அதே பள்ளியில் படிக்கவேண்டும். சர்க்கார் உத்தரவுகளில் இவ்வளவு தாய்மார் புத்தி தென்படுவது அபூர்வம். தன் பிள்ளை சாப்பிடப் போகிற கிச்சடியில் யார் உப்பை மறப்பாள்?

இங்கே சமைத்த பெண்ணின் மகன் மூன்றாம் வகுப்பு. அவளும் முன்பு மலைக்குப் போனவள்தான். "அப்ப இவனைத் தூங்கவிட்டுட்டுப் போவேன். வந்து பாத்தா திரும்பத் தூங்கியிருப்பான். முழிச்ச முகத்தை ஞாயித்துக்கிழமைதான் பாக்கிறது" என்றாள் கரண்டியைத் திருப்பிக்கொண்டே.

குழந்தைகள் வரிசையாக உட்கார்ந்தார்கள். இங்கேதான் சிக்கல். திட்டம் ஒன்றாம் வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்பு வரைக்கும். மூன்று வயதுத் தம்பிக்குக் கணக்கில் இடமில்லை. அங்கன்வாடி அந்நேரத்துக்குத் திறப்பதில்லை. தம்பியை வரவேண்டாம் என்றால் அக்காவும் வரமாட்டாள். சென்ற வருஷம் காய் எடுக்கிற மும்முரமான மாதங்களில் அவள் பாதி நாள் வரவில்லை என்பதைத் தலைமை ஆசிரியை எனக்குப் பதிவேட்டில் காட்டினார். நம் தேசத்தில் எத்தனையோ பெண் குழந்தைகளின் படிப்பு நின்றுபோகிற இடம் இந்த இடம்தான். பரீட்சையில் தோற்று நிற்பவர்களைவிட, தம்பியை இடுப்பில் தூக்கிக்கொண்டு நிற்பவர்கள் அதிகமாகத்தான் இருப்பார்கள் என்பது என் அபிப்பிராயம்.

என்ன செய்தார்கள் என்கிறீர்களா? அக்காவின் தட்டில் தம்பியும் சாப்பிட்டான். சமைத்த பெண் ஒன்றும் பேசாமல் வந்து அந்தத் தட்டில் இன்னொரு கரண்டி போட்டுவிட்டுப் போனாள். தலைமை ஆசிரியை அந்தச் சமயம் பார்த்து ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். சாப்பாடு ஆனதும் நாலாம் வகுப்பின் மூலையில் தம்பிக்கு ஒரு பாய். பத்து மணிக்குச் சமையல்காரப் பெண் போகிற வழியில் அவனை அங்கன்வாடியில் விட்டுவிடுகிறாள். அக்கா பின்னம் போடக் கற்றுக்கொண்டிருந்தாள். நான் பார்த்த கணக்கில் ஒரு தப்பு இருந்தது, ஆசிரியை அதைச் சொல்லவில்லை, "தம்பிக்குப் பாதி, உனக்குப் பாதி, அப்போ மொத்தம்?" என்று மட்டும் கேட்டார். அவளே திருத்திக்கொண்டாள்.

மத்தியானம் பஸ் பிடித்துத் தேவாரம், பண்ணைப்புரம், கோம்பை வழியாக உத்தமபாளையம் போய், அங்கிருந்து கம்பம் போனேன். பண்ணைப்புரம் இளையராஜாவின் ஊர். பஸ்ஸில் அவர் பாட்டுத்தான் ஒலித்தது என்று எழுதினால் நம்பமாட்டீர்கள். வேறு ஏதோ கூச்சல் பாட்டுத்தான் போட்டார்கள். வழியெல்லாம் நெல்லும் தென்னையும். 1895-ல் பென்னிகுயிக் கட்டி முடித்த முல்லைப் பெரியாறு அணையின் தண்ணீர் பாய்கிற பூமி. அந்த வெள்ளைக்காரர் பெயரைப் பிள்ளைக்கு வைத்திருக்கிற வீடுகள் இந்தப் பக்கத்தில் இன்றும் உண்டு. ஒரு வெள்ளைக்காரன் ரேகை கேட்டான், ஒருவன் தண்ணீர் கொடுத்தான். பள்ளத்தாக்கு இரண்டையும் மறக்கவில்லை.

கம்பத்துக்கு அருகே ஒரு கிராமத்தில் பழைய கள்ளர் சீரமைப்புப் பள்ளி ஒன்றைப் பார்த்தேன். மதுரை, தேனி, திண்டுக்கல் மாவட்டங்களில் இப்படி ஏறக்குறைய 300 பள்ளிகள் உண்டு. மாணவர் விடுதிகளும் உண்டு. போலீஸ் நிழலில் பிறந்த பள்ளிகள் எப்படி ஊருக்குச் சொந்தமாயின? ஜனங்கள் பணம் போட்டார்கள். கள்ளர் பொதுநிதி என்று ஒன்றை ஊர் ஊராகத் திரட்டினார்கள். இடம் கொடுத்தார்கள், கல் சுமந்தார்கள். சட்டம் 1947-ல் ஒழிந்தது, பள்ளி நின்றது. பட்டியலில் பெயர் இருந்தவர்களின் பேரன்மார் வாத்தியார்களாகவும் வக்கீல்களாகவும் வந்தார்கள். இன்று அந்த வகுப்புகளில் எல்லாச் சாதிக் குழந்தைகளும் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இப்போது அங்கே ஒரு வாக்குவாதம் நடக்கிறது. பல துறைகளின் கீழ் இருக்கும் பள்ளிகளையெல்லாம் பள்ளிக் கல்வித் துறையோடு சேர்ப்பதாக 2023 பட்ஜெட்டில் அறிவித்தார்கள். 2024-ல் நீதிபதி சந்துரு குழு, பள்ளிப் பெயர்களில் சாதி கூடாது என்று சொல்லிற்று. ஊரில் பலருக்கு இது சம்மதமில்லை. "எங்க பாட்டன் காசு இது" என்கிறார்கள். என்னைக் கேட்டால், பலகையில் சாதிப் பெயர் போவதே நல்லது. அந்தப் பெயரை எழுதித்தான் ஒரு காலத்தில் ரேகை வாங்கினார்கள். ஆனால் அவர்களுடைய பயம் பலகையைப் பற்றியது மட்டும் அல்ல. ஊர் கைவிட்டுப் போனால் பிறகு கூரை ஒழுகும்போது யாரிடம் போய்ச் சொல்வது என்கிற பயம் அது. அந்தப் பயத்துக்கு உத்தரவில் பதில் எழுதவேண்டும். "பள்ளிக்கூடம் கவர்மெண்டோடது, சரி. ஆனா திண்ணை எங்களது" என்றார் அங்கே ஒரு பாட்டி, திண்ணையைவிட்டு நகராமலே.

இருட்டுவதற்குள் போடிக்குத் திரும்பிவிட்டேன். தலைமை ஆசிரியை ஏழு மணிக்கு வரச் சொல்லியிருந்தார். வழியில் ஒரு வீட்டு வராந்தாவில் குண்டு பல்பு வெளிச்சத்தில் இருபது குழந்தைகள் வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருந்தார்கள். நடுவில் ஒரு பெண், பி.ஏ. படித்தவள், கைக்குழந்தைக்காரி. கொரோனாவில் பள்ளிகள் மூடிக் கிடந்து, 2021 அக்டோபரில் 'இல்லம் தேடிக் கல்வி' வந்ததே, அப்போது மாதம் 1,000 ரூபாய்க்குத் தன்னார்வலராகச் சேர்ந்தவள். இப்போது அவளுக்கு அந்தத் தொகை கிடையாது. "நிறுத்திடலாம்னு பாத்தேன். அஞ்சு மணியானா இதுக வாசல்ல வந்து செருப்பைக் கழட்டுதுக. என்ன செய்ய அக்கா?" என்றாள். அவளுக்கு ஏதாவது செய்யவேண்டும். இருபது குழந்தைகளுக்கு அம்மா வருகிற வரையில் ஒரு வீடு கொடுத்திருக்கிறவளை வெறும் பாராட்டோடு விட்டுவிடுவது நியாயமாகப்படவில்லை.

பள்ளியில் ஏழு மணிக்குக் கூடியது பள்ளி மேலாண்மைக் குழு. பெற்றோர்களே பெரும்பான்மையாக இருக்கும் குழு அது. வழக்கமாக வெள்ளிக்கிழமை பிற்பகலில் கூட்டுவார்கள். பிற்பகலில் கூட்டினால் இங்கே வருவதற்கு யார் இருக்கிறார்கள்? எல்லோரும் மலையில் அல்லவா? அதனால் இந்தத் தலைமை ஆசிரியை ஜீப் இறங்கிய பிறகு கூட்டத்தை வைத்துக்கொள்கிறார். மண் ஒட்டிய பாதத்தோடு, ஏலக்காய் வாசனையோடு, தூக்குவாளியைக்கூட வீட்டில் வைக்காமல் வந்து தரையில் உட்கார்ந்தார்கள். விடியற்காலையில் என்னிடம் "ஒம்போது" என்று சொல்லிவிட்டுப் போனவளும் வந்திருந்தாள். தம்பி அவள் மடியில் தூங்கிவிட்டான். அக்காக்காரி பக்கத்தில் உட்கார்ந்து அம்மாவின் வளையலை எண்ணிக்கொண்டிருந்தாள்.

பேசிய விஷயம் ஒன்றே ஒன்று. கேட் சாவி. ஆறு மணிக்கே குழந்தைகள் சாலையோரத்தில் உட்காருகிறார்கள். லாரி போகிற சாலை. "சமைக்க நான் ஆறு மணிக்கு முன்னாடியே வாறேன். பின்பக்கச் சாவிதான் இருக்கு. முன் கேட்டுச் சாவியும் என் கையில இருந்தா உள்ளே உக்கார வச்சிருவேன்" என்றாள் சமையல்காரப் பெண். ஏதாவது ஆனால் யார் பொறுப்பு என்று ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி, அரை மணி நேரம் அதையே பேசினார்கள். கடைசியில், மலைக்குப் போகாத பாட்டிமார் இரண்டு பேர் தினம் ஒருவராக ஆறிலிருந்து எட்டு வரை உள்ளே வந்து உட்காருவது, சாவிக்கு ஒரு நகல் போடுவது, செலவு 60 ரூபாயைக் குழுவே கொடுப்பது என்று முடிவாயிற்று.

தலைமை ஆசிரியை தீர்மானத்தை எழுதி வாசித்துக் காட்டினார். ஒவ்வொருவராகக் கையெழுத்துப் போட்டார்கள். பெரும்பாலோர் எழுத்தாகவே போட்டார்கள். முறை போட்டுக்கொண்ட பாட்டிகளில் ஒருத்தி மட்டும் எழுத வராதென்று கையை நீட்டினாள். அந்த ஒன்பது வயதுப் பெண் எழுந்து போய் மை டப்பாவைப் பிடித்துக்கொள்ள, பாட்டி கட்டை விரலை அழுத்தி ரேகை வைத்தாள். வைத்துவிட்டு விரலைச் சேலைத் தலைப்பில் துடைத்துக்கொண்டே, "நாளைக்கே வந்துரவா?" என்று கேட்டாள்.